பதினேழாவது கேள்வி

எங்கள் தெருவில் எண்பத்தைந்து வீடுகள். பல்கலைக்கழகத்தின் படிவங்களில் மட்டும் எண்பத்து நான்கு. அந்த எண்பத்தைந்தாவது வீட்டில் இருந்தவரைக் கேள்வியக்கா என்போம். வயதில் மூத்தவர்களும் அப்படித்தான் கூப்பிடுவார்கள். கோபம் இல்லாத நாட்களில் அவர் கணவரும் அப்படியே.

அக்காவுக்கு நிரந்தர வேலை சட்டைத் தொழிற்சாலையில் காஜா எடுப்பது. பட்டன் நுழையும் ஓட்டையைச் சுற்றி நூல் ஓட்டுகிற வேலை. ஐந்தாண்டுக்கு ஒருமுறை மட்டும் இரண்டு மாதம் விடுப்புப் போட்டுவிட்டு, சமூகவியல் துறைக்காக எங்கள் தெருவைக் கணக்கெடுப்பார். அதே தெரு, அதே கேள்விகள், இருபது ஆண்டுகளில் ஐந்து சுற்று. ஒரு தெரு எப்படி முன்னேறுகிறது, முன்னேறும்போது அதற்குள் என்ன நடக்கிறது என்று கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்பது துறையின் பேராசிரியருக்கு ஆசை. முதலில் மாணவர்களை அனுப்பினார். கழுத்தில் அட்டை தொங்குகிற யாருக்கும் எங்கள் தெரு கதவைத் திறக்காது. கடைசியில் தெருவிலிருந்தே ஒருவரைப் பிடித்தார்கள்.

நான் அந்தப் படிவங்களில் ஐந்து முறை இருக்கிறேன். முதல் சுற்றில் 'கைக்குழந்தை, ஒன்று.' கடைசிச் சுற்றில் 'வேலை தேடுகிறார்.'

பயிற்சி வகுப்பில் அக்கா கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாராம். பேராசிரியர் மூன்று கோட்பாடுகள் சொன்னார். சமூகம் ஓர் உடம்பு மாதிரி, ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரு வேலை என்பது ஒன்று. இல்லை, சமூகம் ஒரு கயிறிழுப்பு, இருப்பவனும் இல்லாதவனும் ஆளுக்கொரு பக்கம் இழுப்பதில்தான் வரலாறே நகர்கிறது என்பது இரண்டு. இரண்டுமே இல்லை, மனிதர்கள் முகம் பார்த்துப் பேசி, இதற்கு இதுதான் அர்த்தம் என்று தினமும் புதிதாகச் செய்துகொள்வதுதான் சமூகம் என்பது மூன்று.

"இதுல எது மேடம் சரி?" என்று கேட்டாராம் அக்கா.

"அதைக் கண்டுபிடிக்கத்தானே உங்களை அனுப்புறோம்."

வேடிக்கையாகச் சொன்னதை அக்கா உத்தரவாக எடுத்துக்கொண்டார். சில நாட்கள் கழித்து வீட்டில் அறிவித்தார்: "மூணும் சரிதாங்க. காலையில எல்லாரும் வேலைக்கு ஓடும்போது நம்ம தெரு உடம்பு மாதிரி இருக்கு. குழாய்ல தண்ணி வந்தா கயிறிழுப்பு. சாயங்காலம் வாசல்ல நின்னு பேசும்போது மூணாவது. ஒரே நாள்ல மூணு தியரியும் ஓடுது."

"நாலாவதா ஒண்ணு இருக்கு," என்றார் கணவர். "பசி. சாப்பாடு ஆச்சா?"

படிவத்தில் நாற்பது கேள்விகள். மின்விசிறி உண்டா, மிதிவண்டி உண்டா, கழிப்பறை வீட்டுக்குள்ளா வெளியிலா. நூலில் கட்டிய பென்சிலால் அக்கா டிக் அடித்துக்கொண்டே போவார். சுற்றுக்குச் சுற்று டிக்குகள் கூடின. மிதிவண்டிக்குப் பக்கத்தில் மோட்டார் வண்டி வந்தது. கழிப்பறை உள்ளே வந்தது.

பதினேழாவது கேள்வி இது: 'அவசரம் என்றால் இந்தத் தெருவில் முதலில் யார் வீட்டுக் கதவைத் தட்டுவீர்கள்?' பதிலுக்கு மூன்று கோடுகள் விட்டிருந்தார்கள்.

வெல்டர் வீட்டில் இப்படித்தான் நடக்கும். எல்லா வீட்டிலும் ஏறக்குறைய இப்படித்தான்.

"அவசரம்னா யாரைத் தட்டுவீங்க?"

"இது ஒரு கேள்வியா? உங்களைத்தான்."

"என்னைச் சொல்லக் கூடாதுப்பா. வேற ஆள் சொல்லு."

"நீங்க கல்லுக்குண்டாட்டம் இருக்கும்போது வேற ஆள் எதுக்கு?"

அக்கா சிரித்துவிட்டு மூன்று கோடுகளின் குறுக்கே குண்டு குண்டாக எழுதுவார்: 'யாருமில்லை.'

காரணம் இருந்தது. 'கேள்வி கேட்பவர் எக்காரணம் கொண்டும் படிவத்துக்குள் வரக் கூடாது' என்று பயிற்சி வகுப்பில் ஒரு விதியை மூன்று முறை சொல்லியிருந்தார்கள். சொந்த அபிப்பிராயத்தைக் கலக்காதே என்பதுதான் அதன் பொருள். அக்கா அதை எழுத்துக்கு எழுத்து எடுத்துக்கொண்டார். தன்னை எழுதினால் குற்றம். அதோடு, நாலு பேர் தன்னைச் சொன்னார்கள் என்று தன் கையாலேயே எழுதுவதற்கு அவருக்குக் கூச்சமாகவும் இருந்தது. அவர் வீட்டுக்குப் படிவமே கிடையாது. தன்னைத் தானே கேள்வி கேட்டுக்கொள்ள முடியுமா என்ன.

பேராசிரியர் டிக்குகளையும் பார்த்தார், 'யாருமில்லை'களையும் பார்த்தார். வீட்டில் பொருள் ஏற ஏற, மனிதருக்கு மனிதர் துணை இல்லாமல் போகிறது. இதுதான் முன்னேற்றத்தின் விலை என்று எழுதினார். மூன்று கட்டுரைகள். வெளியூர்களில் மேடை போட்டுக் கேட்டார்கள். அதில் ஒரு சோகமான அழகு இருந்தது. நானும் படித்திருக்கிறேன். எங்கள் தெருவைப் பற்றித்தான் எழுதியிருக்கிறார் என்று தெரியாமலே, யாரோ பாவம் என்று நினைத்திருக்கிறேன்.

ஐந்தாவது சுற்று முடிந்தபோதுதான் அந்த 'யாருமில்லை'க்கு உயிர் வந்தது. எங்கள் வீடுகளை இடித்துவிட்டு அடுக்குமாடியில் வீடு தருவதாக நகராட்சி முடிவு செய்திருந்தது. எல்லோருக்கும் ஒரே இடத்தில் என்றால் பெரிய மனை தேட வேண்டும், காலம் பிடிக்கும். ஊரின் ஐந்து மூலைகளில் பிரித்துக் கொடுப்பது சுலபம். இந்தத் தெருக்காரர்கள் பிரிந்தால் ஏதாவது இழப்பு உண்டா என்று சமூகவியல் துறையிடம் எழுத்தில் கேட்டார்கள்.

கடைசிக் கட்டுப் படிவங்களோடு அக்கா போனபோது பேராசிரியர் வருத்தமாக உட்கார்ந்திருந்தார்.

"இதுவரைக்கும் வந்ததுல அறுபத்தோரு வீட்டுல யாருமில்லைன்னு இருக்கு. ஒருத்தருக்கு ஒருத்தர் ஒட்டே இல்லாத தெரு. பிரிச்சுக் குடுத்தா இழப்பு இல்லைன்னுதான் எழுத வேண்டியிருக்கு. திங்கட்கிழமை அனுப்பணும்."

அக்கா கட்டை மேசையில் வைத்துவிட்டுக் கிளம்பினார். வீட்டுக்கு வந்து முகம்கூடக் கழுவாமல் உட்கார்ந்தவரைப் பார்த்துக் கணவர் விஷயத்தை வாங்கினார். கேட்டு முடித்ததும் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"அடிப்பாவி. அடக்கமா இருக்கேன்னு சொல்லி எண்பத்தஞ்சு வீட்டையும் பிரிச்சுட்டியே!"

"இப்ப போய்ச் சொன்னா இருபது வருஷப் படிவமும் தப்புன்னு ஆயிடும். அந்தம்மா எழுதினதெல்லாம் போச்சு. என்னையும் பொய் எழுதினவள்னு சொல்வாங்க."

"சொல்லலேன்னா?"

 சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ அம்மியை நகர்த்தும் சத்தம் கேட்டதாம். யார், எந்தக் கையால், எதற்காக நகர்த்துகிறார் என்பது வரைக்கும் தனக்குத் தெரிந்தது என்று பிறகு அக்கா என்னிடம் சொன்னார். இனி அந்தச் சத்தம் வேறு மூலையில் கேட்கும், தனக்குக் கேட்காது என்று அப்போது தோன்றியதாம்.

திங்கட்கிழமை துறை திறப்பதற்கு முன்பே வாசலில் நின்றார்.

அன்று அந்த அறையில் நான் இல்லை. அக்கா சொல்லியும், பேராசிரியர் சொல்லியும் தெரிந்துகொண்டதுதான் இது.

"மேடம், யாருமில்லைன்னு நான் எழுதின இடத்துல எல்லாம் அவங்க என்னைத்தான் சொன்னாங்க. கேக்கிறவ உள்ள வரக் கூடாதுன்னு சொன்னீங்களே, அதான்..."

பேராசிரியர் மேசையில் இருந்த தன் கட்டுரையைக் கவிழ்த்து வைத்தார்.

"அஞ்சு சுற்றுமா?"

"அஞ்சும்."

"சரி. அப்பவும் விடை பெருசா மாறலையே. தெரு ஒட்டலை, உங்க ஒருத்தர் மேல சாஞ்சிருக்கு, அவ்வளவுதான். அப்படி உங்ககிட்ட என்னதான் இருக்கு?" கேள்வியில் கோபம் இருந்தது.

"என்கிட்டயா? ஒண்ணுமே இல்லையே மேடம்."

"அப்புறம் கதவைத் தட்டினா என்ன பண்ணுவீங்க?"

"வேற யாரையாவது போய்த் தட்டுவேன்."

பேராசிரியர் நிமிர்ந்து பார்த்தார். எழுந்து போய்க் கரும்பலகையில் எண்பத்தைந்து புள்ளிகள் வைத்தார். "சொல்லுங்க. ஒண்ணு விடாம."

அக்கா சொல்லத் தொடங்கினார். ஐந்தாம் வீட்டுப் பெண்ணுக்குப் பட்டப்பகலில் பிரசவ வலி வந்தபோது, நாற்பதாம் வீட்டு வேன் டிரைவரைக் கூட்டிவந்தார். ஐந்திலிருந்து நாற்பதுக்கு ஒரு கோடு. டிரைவரின் மகளுக்குக் கணக்கு வரவில்லை என்றதும் பதினொன்றாம் வீட்டு ரத்தப் பரிசோதனைக்காரியிடம் கொண்டுபோய் விட்டார். இன்னொரு கோடு. அந்தப் பரிசோதனைக்காரியின் அப்பா படியில் வழுக்கி விழுந்தார். வெல்டர் வந்து படியோரம் கைப்பிடிக் கம்பி வைத்துக் கொடுத்தார். வெல்டருக்குக் கையில் தீப்பட்டது. அறுபத்திரண்டாம் வீட்டு நர்ஸ் இருபது நாள் கட்டு மாற்றினாள். நர்ஸுக்கு ஷிப்டு, அவள் குழந்தையைப் பகலில் பார்த்துக்கொண்டவள் அந்த ஐந்தாம் வீட்டுப் பெண்.

பேராசிரியரின் கை பலகையில் நின்றது. கோடு புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்திருந்தது.

"அஞ்சும் அறுபத்திரண்டும் நல்ல சிநேகிதமா?"

"ஐயோ, பதினோரு வருஷமாப் பேச்சே கிடையாது. குழாயடிச் சண்டை."

"அப்புறம் குழந்தையை எப்படி...?"

"நர்ஸு என்கிட்ட குடுப்பா. நான் அங்க கொண்டுபோய் விடுவேன். எங்க தூங்குதுன்னு இவளுக்கும் தெரியும், யார் குழந்தைன்னு அவளுக்கும் தெரியும். ரெண்டு பேரும் தெரியாத மாதிரியே இருப்பாங்க."

பேராசிரியர் சிரித்துவிட்டாராம். பிறகு சிரிப்பு நின்று, சாக்பீஸைக் கீழே வைத்துவிட்டு, அந்த ஒரு கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். உடம்பு, கயிறிழுப்பு, முகம் பார்த்துச் செய்துகொள்ளும் அர்த்தம். முப்பது வருடமாகத் தனித்தனி வகுப்பில் நடத்திய மூன்றும் ஒரு குழந்தையைத் தூக்கிக்கொண்டு தெருவைக் கடந்துகொண்டிருந்தன.

மதியம் வரை அக்கா சொன்னார். புள்ளிகள் மறைந்து கோடுகள் மட்டும் தெரிந்தன. கடைசியில் பேராசிரியர் துணியை எடுத்து, நடுவில் அக்காவுக்காக வைத்த புள்ளியை மட்டும் துடைத்தார். சுற்றியிருந்த கோடுகள் அப்படியே நின்றன.

"காஜா மாதிரி இருக்கு மேடம்," என்றார் அக்கா.

"அப்படின்னா?"

"பட்டன் போடுற ஓட்டை. ஓட்டை ஒண்ணும் பெருசில்ல, கத்தி வச்சா யாரும் போடலாம். அதைச் சுத்தி ஓடுற நூல்தான் எல்லாம். நூல் இல்லாத ஓட்டை நாலு துவைப்புல பிரிஞ்சுரும்."

"இருபது வருஷமா யாரைத் தட்டுவீங்கன்னு மட்டும் கேட்டிருக்கேன்," என்றாராம் பேராசிரியர், யாரிடமோ சொல்வதுபோல. "தட்டினதுக்கு அப்புறம் என்ன நடக்குதுன்னு ஒரு தடவைகூடக் கேக்கலை."

அறிக்கை அன்று போகவில்லை. நகராட்சியிடம் பதினைந்து நாள் கேட்டு வாங்கினார்.

அந்தப் பலகையை ஒரு வாரம் கழித்துப் பார்த்தேன். அழிக்க வேண்டாம் என்று எழுதி ஒட்டியிருந்தார்கள். நாற்பதாம் எண் எங்கள் வீடு. வேன் டிரைவர் என் அப்பா. எங்கள் புள்ளியில் ஒன்பது கோடுகள் வந்து சேர்ந்தன. அவற்றில் இரண்டுதான் எனக்குத் தெரியும். என் தங்கை இன்று கல்லூரியில் கணிதம் படிப்பது, எங்கோ ஒருவர் படியில் வழுக்காமல் இறங்குவது, வெல்டரின் கை மறுபடி மடங்குவது, எல்லாம் ஒரே நூல். இருபத்தோரு வருடம் அதற்குள்ளேயே இருந்திருக்கிறேன். மீனுக்குத் தண்ணீரைக் கரையிலிருந்து காட்டினால் எப்படி இருக்கும் என்று அன்று தெரிந்தது. வாயைத் திறந்தபடி நின்றேன். துறைக் காவலாளி வந்து, "தம்பி, பூட்டணும்" என்றார்.

மறு கணக்கெடுப்புக்கு இந்த முறை பேராசிரியரே வந்தார். வழக்கம்போல ஒரு கதவும் திறக்கவில்லை. அக்கா இரண்டு வீடு முன்னால் போய், "திறடி, நம்ம ஆளுதான்!" என்று குரல் கொடுத்துக்கொண்டே போக வேண்டியிருந்தது. பழைய பதினேழோடு புதிதாக ஒன்று சேர்த்துக் கேட்டார்கள்: தட்டிய பிறகு யார் வந்தார்கள்? பதில்கள் பக்கத்தைத் தாண்டின.

கடைசி நாள் பேராசிரியர் எண்பத்தைந்தாவது வீட்டுக்குப் போனார். கூடத்தில் அக்கா, கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியில் வைத்து உட்கார்ந்திருந்தார். மின்விசிறி இரண்டு. மோட்டார் வண்டி இல்லை. டிக்குகள் சரசரவென்று போயின.

"அவசரம்னா முதல்ல யார் வீட்டைத் தட்டுவீங்க?"

நானூறு முறைக்கு மேல் தானே கேட்ட கேள்வி. முதன்முறையாகத் திரும்பி வந்து முன்னால் நின்றது. அக்காவுக்குக் கண் நிறைந்துவிட்டது.

"யாருமில்லைன்னு எழுதிக்கோங்க மேடம். கைப்பழக்கம்தானே," என்றார் உள்ளேயிருந்து கணவர்.

"நீங்க சும்மா இருங்க," என்று அதட்டிவிட்டு, மூக்கை உறிஞ்சிக்கொண்டு அக்கா ஆரம்பித்தார். "ஒண்ணாம் நம்பர் வீடு. எழுதிக்கோங்க. ரெண்டாம் நம்பர் வீடு..."

அந்தப் படிவம் நகராட்சிக்குப் போன அறிக்கையின் கடைசிப் பக்கமாக அப்படியே இணைக்கப்பட்டிருந்தது. மூன்று கோடுகள் போதாமல் ஓரத்தில் ஏறி, பின்பக்கம் திரும்பி, எண்பத்து நான்கு எண்களும் இருந்தன. பழைய மூன்று கட்டுரைகளும் தவறு என்று முதல் பக்கத்திலேயே பேராசிரியர் எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தார்.

மனை தேட ஒன்றரை வருடம் ஆயிற்று. இப்போது எதிரெதிரே இரண்டு கட்டடங்களில் எண்பத்தைந்து வீட்டாரும் இருக்கிறோம். ஐந்தாம் வீட்டுக்காரியும் நர்ஸும் ஒரே மாடி, இன்னும் பேசிக்கொள்வதில்லை. எல்லா வாசலிலும் அழைப்பு மணி பொருத்தியிருக்கிறார்கள். கேள்வியக்கா வீட்டு மணியில் கைப்பட்ட அடையாளமே இல்லை. கதவில் மட்டும், நெஞ்சு உயரத்தில், ஓர் உள்ளங்கை அளவுக்குப் புது வர்ணம் அதற்குள் தேய்ந்துவிட்டது.