இரண்டாம் தடவை அழ மாட்டாத ரதி

இலங்கை மலைநாட்டில் வட்டவளைக்கு மேலே ஒரு தோட்டத்தில் தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிற சோலைமலைக்கு நாற்பது வயதாகியும் மீசை கிடையாது. மாசி மாதக் காமன் கூத்தில் பன்னிரண்டு வருசமாக அவன்தான் ரதி. சிவன் காமனை எரித்ததும் தாலியைக் கழற்றிவிட்டு அவன் அழுகிற அழுகையில், லயத்து வரிசை வீட்டுப் பெண்கள் மூக்கைச் சிந்தாமல் வீடு திரும்பியதில்லை. பிள்ளை வேண்டி நேர்ந்துகொண்ட வேசம் அது. அறுபத்தொன்றாம் வருசம்தான் அவன் மனைவி ராக்காயிக்கு ஏழாம் மாதம்.

அந்த மாசியில் தோட்டத்தை நடத்துகிற பெரிய துரையின் விருந்தாளியாக ஒரு வெள்ளைக்காரர் படம் பிடிக்கிற பெட்டியோடு வந்து இறங்கினார். கூட வந்தவர் அட்டன் டவுன் கடைக்காரர் மகன் சுந்தரலிங்கம், இங்கிலீசு படித்தவர்; வெள்ளைக்காரர் பேச்சை அவர்தான் எடுத்துச் சொன்னார்.

"கிரேக்க தேசத்தில ஆதியில ஆட்டை வெட்டி, அதைச் சுத்தி அழுது பாடினாங்களாம். சோக நாடகமே அதுலதான் பொறந்துச்சாம். அதைத் தேடித்தான் இந்தத் தொரை படம் எடுக்கிறாரு. கதையும் கெடையாது, வசனமும் கெடையாது. வெறும் மூஞ்சியும் நெருப்பும்தான்."

"ஆட்டை வெட்டினா நாங்க கறி திம்போம். எதுக்குங்க அழணும்?" என்றான் சோலைமலை.

ராத்திரி முழுக்கக் கூத்து நடந்து, விடிந்ததும் வைக்கோல் சுற்றிய காமன் கம்பம் எரிந்தது. ரதி தாலியைக் கழற்றி அழுது ஓய்ந்த பிறகுதான் தெரிந்தது, பெட்டிக்குள் படச்சுருள் முன்னமே தீர்ந்துபோயிருந்தது.

"தாலிய மாட்டிக்கிட்டு இன்னொரு தடவ அழச் சொல்றாரு" என்றார் சுந்தரலிங்கம்.

"முடியாதுங்க. மூணாம் நாள் காமனை எழுப்புற வரைக்கும் ரதி தாலியத் தொடக்கூடாது. வீட்டில புள்ளத்தாச்சி இருக்கா."

"பெரிய தொரையோட சிநேகிதருப்பா. வேலைய விட்டு நிப்பாட்டிட்டா என்ன செய்வ?"

சோலைமலைக்குப் பூசின அரிதாரம் வியர்வையில் கரைந்தது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு ராக்காயி முன்னால் வந்தாள். "ஏங்கய்யா, அவுக சீமையில செத்தவனுக்கு ரெண்டு தடவயா கொள்ளி வைப்பாங்க? கேட்டுச் சொல்லுங்க."

சுந்தரலிங்கம் கேட்டார். வெள்ளைக்காரர் கொஞ்ச நேரம் தாடியைச் சொறிந்தார். பிறகு மூன்று நாள் தங்குவதாகச் சொல்லிவிட்டார்.

மூன்றாம் நாள் சாம்பலில் பால் தெளித்துக் காமனை எழுப்பினார்கள். ரதி கழுத்தில் தாலி ஏறியது. "இனிமே அழலாம்ல?" என்றார் சுந்தரலிங்கம். சோலைமலை மாரில் அடித்தான், தரையில் புரண்டான். காமன் வேசக்காரன் நல்லமுத்து பக்கத்திலேயே நின்று வெற்றிலை மென்றுகொண்டிருந்தால் அழுகை எங்கிருந்து வரும்? சிரிப்புதான் வந்தது.

"வெங்காயம் கொண்டாரவா?" என்றாள் ராக்காயி. லயமே சிரித்தது. வெள்ளைக்காரர் அந்தச் சிரிப்பைப் படம் பிடித்துக்கொண்டு ரயிலேறினார். படம் என்ன ஆனதோ, நம்மாள் ஒருவரும் பார்த்ததில்லை.

வைகாசியில் பெண் பிறந்தது. ராத்திரி பகல் என்று பாராமல் அழுதது. தூளியை ஆட்டி ஆட்டிக் கை கடுத்தது சோலைமலைக்கு. நேர்த்தி தீர்ந்தது என்று அடுத்த மாசியில் ரதி வேசத்தை நல்லமுத்துவுக்கு விட்டுக்கொடுத்துவிட்டு, மீசை வளர்த்தான்.