சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு நூறு

நேற்று மகள் தும்மினாள். ‘நூறு’ சொல்லாமல் நான் சுவரையே பார்த்தேன்.

“என்னப்பா பாக்குறீங்க?”

“பல்லி” என்றேன். ஹட்டன் டவுனில் எங்கள் வாடகை வீட்டுச் சுவர் கூரையை முட்டிக்கொண்டு நிற்கிறது. அந்தப் பக்கம் குடியிருப்பவர் பெயர்கூட எனக்குத் தெரியாது.

நான் வளர்ந்த தேயிலைத் தோட்டத்து லயத்தில், ஒட்டி நின்ற ஒற்றை அறை வீடுகளில், இரண்டு காம்பராவுக்கு நடுவே சுவர் முக்கால்வாசிதான். அதற்கு மேலே இடைவெளி, பிறகு தகரம். அந்த வழியாகக் கருவாட்டு வாசம் வரும், அடுப்புப் புகை வரும், பக்கத்துக் காம்பரா கமலா அத்தையின் குரலும் வரும். நான் தும்மினால் ஆயுசுக்கு வாழ்த்தாக அங்கிருந்து ‘நூறு’ வந்து விழும், அடுத்த தும்மலுக்கு ‘இருநூறு’. ஆசைப்பட்டு மூக்கில் தேயிலைத் தூளை வைத்து அறுநூறு வரை போயிருக்கிறேன். “கள்ளத் தும்மலுக்கெல்லாம் கெடையாது, போடா!” என்று அத்தைதான் நிறுத்தினார்.

இப்படித் திறந்து கிடந்த வீட்டில் அம்மா சொல்லித்தந்த பெரிய மரியாதை ஒன்றுதான்: “அந்தப் பக்கம் பேசுறது நமக்குக் கேக்கல. வெளங்குதா?” விளங்கியது, என் வாய்க்குத்தான் விளங்கவில்லை. ஒருநாள் மாமா அத்தையிடம் “இன்னைக்கி என்ன கெழம?” என்று கேட்க, நான் இங்கிருந்து “பொதன், மாமா!” என்றேன். அம்மாவின் அகப்பை என் தலையில் இறங்கிய சத்தம் அவர்களுக்குக் கேட்டிருக்கும். மரியாதை தெரிந்தவர்கள், அவர்களுக்கும் ‘கேக்கல’.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை. அத்தையின் மகள் செல்வி, என் வகுப்புக்காரி, பீலிக்குத் தண்ணீர் பிடிக்கப் போயிருந்தாள். அத்தையின் குரல் வந்தது: “செவ்வாக்கெழம வேன் வருதுங்க. குவைத்துக்கு வேலைக்குப் போறேன்னு செல்விகிட்ட சொல்லிறாதீங்க. அது அழுதா எனக்குக் காலு நகராது.”

அம்மா என்னைப் பார்த்தார். அகப்பை தேவைப்படவில்லை.

திங்கட்கிழமை முழுக்க, வாயைத் திறந்தால் குவைத் விழுந்துவிடுமோ என்று கையால் பொத்திக்கொண்டே இருந்தேன். “பல்லு வலியாடா?” என்றாள் செல்வி. தலையாட்டினேன். “வெள்ளிக்கெழம அம்மா எனக்கு ரெட்டச் சடை போடும்” என்றாள். அதற்கும் தலையாட்டினேன்.

செவ்வாய், பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது அத்தை இல்லை. செல்வி என் எதிரில் வந்து நின்றாள்.

“ஒனக்குத் தெரியுந்தானே?”

“எனக்குக் கேக்கல.”

அன்று சாயங்காலம் எனக்குத் தும்மல் வந்தது, நிசத் தும்மல். அண்ணாந்து காத்திருந்தேன். செல்வி தேம்புவதுதான் வந்தது. அதையும் கேட்காத மாதிரி இருந்தேன். அவ்வளவு நல்ல பிள்ளை நான்!

அந்த லயத்தை இடித்துவிட்டார்கள். செல்வி எங்கே இருக்கிறாள் என்று தெரியாது. இப்போது மகளிடம், “அடுத்தவங்க பேசுறத…” என்று ஆரம்பிப்பேன், பாதியில் நின்றுவிடும்.

நேற்று அவள் மறுபடி தும்மினாள். “இருநூறு!” என்றேன், கொஞ்சம் சத்தமாகவே. இந்தச் சுவரைத் தாண்டி அது போயிருக்காது.