மெய்வாக்கு என்று என் காதில் விழுந்த சொல்

பிள்ளைகளா, காலையில் எட்டேகால் வாக்கில் என் போனில் 'டிங்' என்று ஒரு சத்தம் வரும். அது வந்த பிறகுதான் நான் தட்டில் கை வைப்பேன். இட்லி ஆறிப்போனாலும் அதுவரைக்கும் தொட மாட்டேன். "அப்பாவுக்கு யாரோ மெசேஜ் போடுறாங்கடா" என்று நீங்கள் சிரிப்பீர்கள். "ஏதாச்சும் ஜப்பான்காரியா இருக்கும்" என்று உங்கள் அம்மாவும் சேர்ந்துகொள்வாள். அவளுக்குப் பாதி தெரியும். மீதியை நான் யாரிடமும் சொன்னதில்லை, இன்றைக்கு எழுதி வைக்கிறேன். பத்தாவது வரை படித்தவன் நான். எழுத்தில் தப்பிருந்தால் திருத்திக்கொள்ளுங்கள், விஷயத்தை மாற்றிவிடாதீர்கள்.

நீங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது ஒரு ஜப்பான்காரருக்கு நான் கார் ஓட்டினேன். கப்பலூர் பக்கம் ரப்பர் சாமான் செய்கிற ஒரு கம்பெனிக்கு, புது மெஷினைப் பழக்கிக் கொடுக்க வந்தவர். ஐம்பது வயதிருக்கும், கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கே.கே. நகரில் அவருக்கு வீடு பிடித்துக் கொடுத்திருந்தார்கள். நான் காலையில் வில்லாபுரத்திலிருந்து போய் அவரை ஏற்றிக்கொண்டு, மாட்டுத்தாவணி தாண்டி ரிங் ரோட்டைப் பிடிப்பேன்.

அவர் தெருமுனை டீக்கடையில் எல்லோரும் என்னை அண்ணே என்று கூப்பிடுவதைக் கேட்டு, அதுதான் என் பெயர் என்று நினைத்துவிட்டார். அவர்கள் ஊரில் மரியாதைக்குப் பெயருக்குப் பின்னால் 'சான்' என்று சேர்ப்பார்களாம். அப்படி நான் 'அண்ணே சான்' ஆனேன். டீக்கடைக்காரருக்குக் கேட்க வேண்டுமா? "அண்ணே சானுக்கு ஒரு டீ, சீனி கம்மியா!" என்று தெரு முழுக்கக் கேட்கிற மாதிரி கத்துவார்.

விரகனூர் ரவுண்டானா நெருங்கும்போது அவருடைய போன் 'டிங்' என்னும். எடுத்துப் பார்த்துவிட்டு, "அம்மா டீ" என்பார். எனக்கு முதலில் ஒன்றும் விளங்கவில்லை. அரைகுறைத் தமிழிலும் கைச்சாடையிலும் ஒருநாள் சொன்னார். அவருடைய அம்மா எண்பது தாண்டியவர், மலையடிவாரத்தில் ஒரு கிராமத்தில் தனியாக இருந்தார். அந்த வீட்டில் எப்போதும் வெந்நீர் சூடாக இருக்கிற ஒரு கரண்ட் பாத்திரம் உண்டு. மேலே அழுத்தினால் வெந்நீர் வரும். அழுத்தும்போதெல்லாம் மகன் போனுக்கு ஒரு செய்தி போகும். தனியாக இருக்கிற வயசானவர்களுக்கென்றே அங்கே அதை விற்கிறார்களாம். நமக்குக் காலை எட்டேகால் என்றால் அங்கே மதியச் சாப்பாட்டு நேரம். அம்மா டீ போட்டுவிட்டார் என்றால் அம்மா நன்றாக இருக்கிறார்.

"எதுக்கு சார் இம்புட்டுச் சுத்து? ஒரு போனைப் போட்டு, சாப்டியாம்மான்னு கேட்டா முடிஞ்சது."

"அம்மா பேசாது. நீ வேலை, நான் பேசினா வேலை கெடும், சொல்லும்."

ஊரைப் பற்றியும் சொன்னார். பள்ளிக்கூடத்தை மூடிவிட்டார்கள். வயசுப் பிள்ளைகள் எல்லாம் டோக்கியோவில். ஆள் இருக்கிற வீடு ஏழுதான், மற்றதெல்லாம் பூட்டு. "எலெக்‌ஷன் வந்தா மைக் வச்சு வேன் வரும். ரோட்டில் ஆள் இல்லை. வயலுக்குக் கும்பிடு போட்டுப் போகும்."

"எங்க ஊரா இருந்தா அந்த வயலும் ஓட்டுப் போட்டிருக்கும் சார்" என்றேன். அவருக்குப் புரியவைக்க வலையங்குளம் வரை ஆனது. புரிந்ததும் கம்பெனி கேட் வரைக்கும் சிரித்துக்கொண்டே வந்தார்.

பிறகு ஒருநாள் விரகனூர் வந்தது, டிங் வரவில்லை. அம்மாவுக்குப் போன் போட்டார். மணி அடித்தது, எடுக்கவில்லை. "தோட்டத்தில் இருக்கும்" என்றார்.

"பக்கத்து வீட்டு நம்பர் இருக்கா சார்?"

"இருக்கு."

"அப்புறமென்ன, போட்டு எட்டிப் பாக்கச் சொல்லுங்க."

அந்த நம்பரை எடுத்தார். கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருந்தேன், கட்டைவிரல் அதன் மேலேயே நின்றது. பிறகு போனைக் கவிழ்த்து மடியில் வைத்தார். "மெய்வாக்கு" என்றார். திரும்பவும், "அம்மா சொல்லும்... மெய்வாக்கு."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இம்புட்டு நல்ல தமிழ் இவருக்கு எங்கிருந்து கிடைத்தது? மேடையில் பேசுகிறவர்கள்கூட இப்போது அந்தச் சொல்லைச் சொல்வதில்லை. பக்கத்து வீட்டுக்குப் போன் போட மாட்டேன் என்று அம்மாவுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறார் போல என்று நினைத்தேன். தாய்க்குக் கொடுத்த வாக்கை மீறச் சொல்ல டிரைவர் யார்? ரோட்டைப் பார்த்து ஓட்டினேன்.

மறுநாளும் டிங் வரவில்லை. கார் நின்ற பிறகும் கதவுப் பிடியைப் பிடித்தபடி இறங்காமல் உட்கார்ந்திருந்தார். "சார், நான் வேணும்னா..." என்று ஆரம்பித்தேன். அதே சொல்லைத்தான் சொன்னார், குரல் இன்னும் தாழ்ந்திருந்தது. நான் இறங்கிப் போய் அவருக்குக் கதவைத் திறந்துவிட்டேன்.

மூன்றாம் நாள், அதே ரவுண்டானா. டிங்.

"அம்மா டீ! அண்ணே சான், அம்மா டீ!" சீட்டில் குதித்தார். வண்டியை ஓரங்கட்டச் சொல்லி இறங்கி, ரோட்டோரக் கடையில் வடை வாங்கி என் கையில் திணித்தார். வெயிலில் நின்று இரண்டு பேரும் தின்றோம். வாய் சுட்டதற்கும் சிரித்தார்.

கம்பெனி கேட்டுக்குள் நுழையும்போது அவருக்குப் போன் வந்தது. இறங்கி நின்று, போனைக் காதில் வைத்தபடியே இடுப்பை வளைத்துக் குனிந்தார். ஒரு தடவை இல்லை, பல தடவை. யாரோ பெரிய அதிகாரி என்று நினைத்தேன். பேசியது பக்கத்து வீட்டு அம்மா. தோட்டத்தில் காய்த்த பூசணிக்காய் ஒன்றைக் கொடுக்கப் போயிருக்கிறார். சமையல்கட்டில் இவருடைய அம்மா கிடந்திருக்கிறார். இறந்து இரண்டு நாள் ஆகிறது என்று டாக்டர் சொன்னாராம். எல்லோருக்கும் சொல்லி அனுப்பிவிட்டு, என்ன செய்வதென்று தெரியாமல், அந்தப் பாத்திரத்தை அழுத்தி ஒரு டீ போட்டுத் தலைமாட்டில் வைத்திருக்கிறார் அந்த அம்மா.

எங்களுக்கு வந்த டிங் அதுதான்.

திரும்பும் வழியில் கேட்டேன். "மெய்வாக்குன்னு சொன்னீங்களே சார், அம்மாவுக்கு என்ன வாக்குக் குடுத்திருந்தீங்க?" அவருக்குப் புரியவில்லை. அந்தச் சொல்லைப் போனில் போட்டுத் தமிழில் என்னிடம் காட்டினார். 'பிறருக்குத் தொந்தரவு'.

அவ்வளவுதான். அது அவர்கள் பாஷைச் சொல், 'மெய்வாகு'; என் காதில்தான் தமிழாக விழுந்திருக்கிறது. சத்தியமும் இல்லை, வாக்கும் இல்லை. பக்கத்து வீட்டு அம்மாவும் வயசானவர், அவரை நடக்கவைப்பது தொந்தரவு. அடுத்தவருக்குத் தொந்தரவு கொடுக்கக் கூடாது என்றே அங்கே பிள்ளைகளை வளர்க்கிறார்கள். அர்த்தம் தெரிந்திருந்தால் அன்றைக்கே, "தொந்தரவா? குடுங்க சார் போனை" என்று பிடுங்கி நானே அழுத்தியிருப்பேன். முதல் நாளே யாராவது போயிருந்தால் அவருடைய அம்மா பிழைத்திருப்பாரா? அதை அவர் என்னிடம் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. இன்றைக்கும் காலி வண்டியோடு விரகனூரைக் கடக்கும்போது பின்சீட்டில் டிங் என்று கேட்கும். கண்ணாடியில் பார்ப்பேன். யாரும் இருக்க மாட்டார்கள்.

ஏர்போர்ட்டில் அவரை இறக்கிவிட்டேன். அவர் திரும்பி வரவில்லை. வேலையை விட்டுவிட்டு அந்த வீட்டிலேயே தங்கிவிட்டார். நாலு மாதம் கழித்து, போனே தமிழாக்கிய ஒரு செய்தி வந்தது: "தொந்தரவுக்கு மன்னிக்கவும். வெந்நீர்ப் பாத்திரம் செய்தி அனுப்ப ஒருவர் பெயர் கேட்கிறது. எனக்கு ஆள் இல்லை. அண்ணே சான், சரியா?"

சரி என்று போட்டேன். நீங்கள் கேட்கிற டிங் அதுதான்.

போன மாதம் ஒருநாள் ஒன்பது மணியாகியும் அது வரவில்லை. ஸ்கூலுக்கு நேரமாச்சு என்று நீங்கள் கத்தினீர்கள், நான் காதில் வாங்கவில்லை. ஏழு தடவை போட்டேன். எட்டாவது தடவை எடுத்தார்.

"அண்ணே சான், இங்க பனி. கரண்ட் இல்லை." பிறகு மெதுவாக, "மெய்வாக்கு."

"எங்க ஊர்ல அதுக்கு வேற அர்த்தம் சார்" என்றேன். "பக்கத்து வீட்டு அம்மா நம்பரையும் அனுப்புங்க."

"அது..."

"அனுப்புங்க சார்."

இரண்டு நம்பரையும் ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியிருக்கிறேன். ஒருநாள் நான் வண்டியில் இருப்பேன், போன் வீட்டில் கிடக்கும். இல்லை, நானே இல்லாமலும் போவேன். ஒன்பது மணிவரை டிங் வரவில்லை என்றால் முதலில் அவருக்குப் போடுங்கள். எடுக்காவிட்டால் யோசிக்காமல் அந்த அம்மாவுக்குப் போடுங்கள். அவர் பேசுவது உங்களுக்குப் புரியாது, நீங்கள் பேசுவது அவருக்குப் புரியாது. 'அண்ணே சான் வீடு' என்று மட்டும் சொல்லுங்கள். அப்படி ஒரு போன் வந்தால் உடனே போய்ப் பார்க்க வேண்டும் என்று சாரை வைத்து அந்த அம்மாவிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.