முதலில் சொன்ன கடைசி வசனம்

யாராவது என் கையில் மைக்கைக் கொடுத்தால் இப்போதும் நான் முதலில் தேடுவது வெளியே போகும் வாசலைத்தான். கல்யாண வீடானாலும் ஆபீஸ் விழாவானாலும் இதே கதை. மைக்கோடு வாசல் பக்கம் நாலடி நடந்தும் விடுவேன். கூட்டம் அதையும் நடிப்பென்று நினைத்துக் கைதட்டும். தென்காசியில் எனக்குச் சிரிப்புக்காரன் என்று பெயர் வந்தது இப்படித்தான். எங்கள் குடும்பத்தின் அசல் சிரிப்புக்காரி வேறொருத்தி. அப்பாவின் தங்கை.

அத்தை ஒரு நாடகக் குழுவில் நடித்தாள். சிரிப்பு வேடம் போடும் பெண்ணுக்கு அன்றைக்கு ஒரே வேலை, காமெடியனிடம் உதை வாங்கிக் கீழே விழுவது. கொஞ்ச காலம் விழுந்து பார்த்துவிட்டு, "விழுறதுக்கு ஒரு நெல்லு மூட போதுமே, நான் எதுக்கு?" என்று கேட்டாள். பிறகு தன் காட்சிகளைத் தானே எழுத ஆரம்பித்தாள். மாவாட்டிக்கொண்டே எல்லாப் பாத்திரமாகவும் பேசிப் பார்ப்பாள். அம்மாவுக்குச் சிரிப்பில் புரையேறினால் அந்த வரி நிற்கும். இல்லையென்றால் மாவோடு போகும்.

நாடகக்காரர்களுக்குத் தொண்டைதான் சொத்து. அதனால் அந்தக் குழுவில் ஒரு விதி, குற்றால சீசனில் யாரும் அருவியில் தலை காட்டக் கூடாது. எங்கிருந்தெல்லாமோ ஜனங்கள் வந்து எண்ணெய் வழியக் குற்றாலத்தில் நிற்க, பக்கத்து ஊர்க்காரியான அத்தை சாரலுக்கே முந்தானையைத் தலையில் போட்டுக்கொள்வாள். அவளோடு போனால் எனக்கும் குளியல் கிடையாது. எட்டு வயதில் எனக்கிருந்த பெரிய துக்கம் அதுதான்.

அந்த சீசனில் குற்றாலத்தில் நடக்கும் அவர்கள் நாடகத்தைப் பார்க்கச் சென்னையிலிருந்து ஒரு டி.வி.க்காரர் வருவதாக இருந்தது. பிடித்துவிட்டால் அத்தை எழுதியதையெல்லாம் டி.வி.யில் போடுவார். இந்தப் பக்கம் அப்பா, புளியங்குடியில் எலுமிச்சை கமிஷன் கடை வைத்திருந்த ஒருவரை மாப்பிள்ளை பார்த்து வைத்திருந்தார். நல்ல மனிதர்தான். மேடை மட்டும் கூடாது என்று மாப்பிள்ளை வீட்டில் சொல்லிவிட்டார்கள்.

"இந்த ஒரு தடவ பாப்போம்ட்டி. ஆகலைன்னா அவுகளுக்குச் சரின்னு சொல்லிருவேன்" என்றார் அப்பா.

அத்தை எழுதிய காட்சி இது. சீசனுக்கு வந்த ஒரு பெண் கூட்டத்தில் புருஷனைத் தொலைத்துவிட்டு, மகனைக் கையில் பிடித்துக்கொண்டு ஏட்டிடம் வருகிறாள். அடையாளம் சொல்கிறாள். உடம்பெல்லாம் எண்ணெய், இடுப்பில் துண்டு, கொஞ்சம் தொப்பை. ஏட்டு யாரைக் கூட்டி வந்தாலும் அடையாளம் பொருந்துகிறது. குற்றாலமே அவள் புருஷனாகிவிடுகிறது. எல்லாம் முற்றிய பிறகு, அதுவரை வாயே திறக்காத மகன் சொல்ல வேண்டும்: "அம்மா, அப்பா வரவே இல்லையே! நாமதானே அவர்கிட்ட சொல்லாம வந்தோம்!"

மகனாக நடிக்கும் பையனுக்குப் பொன்னுக்குவீங்கி வந்து முகம் பலாப்பழமாகிவிட்டது. வீட்டில் கைவசம் இருந்தது நான். "ஒரே ஒரு வசனந்தாம்லே மருமவனே. கடைசியில நான் ஒன் காதத் திருகுவேன். அப்பச் சொன்னாப் போதும்" என்றாள் அத்தை.

குளிக்கும்போதும் சாப்பிடும்போதும் சொல்லிப் பார்த்தேன். கனவில்கூடச் சரியாகத்தான் சொன்னேன். மேடையேறிக் கூட்டத்தைப் பார்த்ததும் வசனம் மறந்துவிடும் போலிருந்தது. மறப்பதற்குள் சொல்லிவிட்டால் பிழைத்தோம் என்று மூளை யோசனை சொன்னது. அத்தை, "ஏட்டையா, எம் புருசனக் காணும்" என்று ஆரம்பித்ததுதான் தாமதம். அவள் கை என் காதுப் பக்கமே வரவில்லை. நான் வசனத்தைக் கத்திவிட்டேன்.

கூட்டம் ஒரு விநாடி விழித்துவிட்டுக் கொல்லென்று சிரித்தது. காட்சி ஆரம்பித்த இடத்திலேயே முடிந்துபோனது. ஏட்டு வேடக்காரர் தொப்பியைக் கழற்றித் திரும்ப மாட்டினார். "அத்தே, தெரியாமச் சொல்லிட்டேன்!" என்று நான் அழ ஆரம்பித்தேன்.

மேடையில் அவள் எனக்கு அம்மா. அவள் கண் என்மேல் ஒரு கணம் நின்றது. உடனே ஏட்டுப் பக்கம் திரும்பினாள். "பாத்தியளா ஏட்டையா? அப்பனத்தான் காணும்னு வந்தேன். இப்பம் ஆத்தாளையும் காணும்ங்கான்!"

கொட்டகை அதிர்ந்தது. நான் ஏட்டின் காலைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதேன். அதற்கும் சிரித்தார்கள். நான் உளறியதற்கெல்லாம் அத்தை வழி செய்துகொடுத்துக்கொண்டே இருந்தாள். திரை விழுந்தது.

டி.வி.க்காரர் நேராக என்னிடம் வந்து கன்னத்தைக் கிள்ளினார். "பையன் பிரமாதம்மா. சென்னைக்குக் கூட்டிட்டு வாங்க. குழந்தைங்க தானாப் பேசுறதுதான் அழகு. எழுதி வெச்சா வருமா?"

"அது நான் எழுதுனது சார். அந்தக் காட்சிய நீங்க இன்னும் பாக்கலை. இங்கனயே நடிச்சுக் காட்டுதேன்" என்றாள் அத்தை.

அவர் வாய்விட்டுச் சிரித்தார். அத்தை எது சொன்னாலும் சிரிக்க ஆட்கள் இருந்தார்கள், நம்பத்தான் ஆளில்லை. அவரோடு வந்து, தோளில் துண்டோடு காரில் காத்திருந்தவர்கள் ஹாரன் அடித்தார்கள். அருவிக்கு நேரமாகிவிட்டதென்று அவர் போய்விட்டார்.

கொட்டகை வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த அப்பா, "பஸ் வருது, வா" என்று மட்டும் சொன்னார்.

"அண்ணே, அருவியில செத்த நின்னுட்டு வாறேன்."

அப்பா திகைத்தார். "தொண்ட கட்டிரும்ட்டி."

"கட்டட்டும்."

பெண்கள் பக்கம் என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். பூசிய பவுடரோடும் நாடகச் சேலையோடும் பேரருவிக்கு நடுவில் தலையைக் கொடுத்தாள். வாயைத் திறந்து என்னவோ கத்தினாள், தண்ணீர்ச் சத்தத்தில் எதுவும் கேட்கவில்லை. நாடகம் ஜெயித்த குஷி என்று நினைத்தேன். எனக்கும் குஷி, சேர்ந்து கத்தினேன்.

மறுநாள் அத்தைக்குக் குரலே இல்லை. அப்பா புளியங்குடிக்குப் போன் செய்ய மாடிவீட்டுக்குப் போயிருந்தார். அம்மா கொடுத்த மிளகுப் பாலை நான் கொண்டுபோய் நீட்டினேன். அத்தை வேண்டாமென்று கையை அசைத்தாள். சீசனில் அருவியில் குளித்தால் தொண்டை கட்டும் என்பது நிஜந்தான் போலிருக்கிறது. எனக்குப் புரிந்தது அவ்வளவுதான். பாலை நானே குடித்துவிட்டேன்.