பத்து போதும்

டீ கிளாஸ் இடது கையில், ஸ்டியரிங் வலது கையில். என்ஜின் ஓடிக்கொண்டிருக்கிறது. சாத்தாங்காடு இரும்பு மார்க்கெட் வாசலில் டீக்கடைக்காரர் வண்டிக்கே வந்து கொடுத்துவிட்டுத் திட்டுகிறார்.

"அதான் கோர்ட்டு ஆர்டர் கீதே, எறங்கிக் குடியேன் நைனா."

"பயக்கம் வாத்தியாரே."

இறங்கும் நேரம் பார்த்து கோர்ட் அமீனா வந்து வண்டியை ஜப்தி செய்துவிடுவார் என்று ஜெயவேல் இரண்டு வருடம் டீயை இப்படித்தான் குடித்தார். ஃபைனான்ஸில் வாங்கிய குட்டியானை லோடு வண்டி. இடுப்பு பிசகி ஐந்து மாதம் படுத்ததில் டியூ நின்றது, வழக்கு வந்தது.

கோர்ட்டுக்கென்று ஒரு வெள்ளைச் சட்டை வைத்திருக்கிறார். அதற்கு 'அப்பாவி சட்டை' என்று பெயர். அதைப் போட்டுக்கொண்டு பதினோரு முறை வழக்கைத் தள்ளிப்போட்டார். ஒருமுறை காய்ச்சல், ஒருமுறை மச்சான் சாவு, இன்னொருமுறை அதே மச்சான் சாவு. இப்படித் தள்ளிப்போவதை ஊரே வாய்தா என்கிறது. இவர் மட்டும் தவணை என்பார். மரியாதையாக இருக்கிறதாம்.

பாக்கி ஒரு லட்சத்து எண்பதாயிரத்தை முப்பத்தாறு தவணையில், மாதம் ஐயாயிரமாகக் கட்ட அனுமதி கேட்டு இவருடைய வக்கீல் ஷாஸியா மனுப் போட்டிருந்தார். நீதிபதி நேராக இவரையே கேட்டார்.

"உங்களுக்கு எத்தனை தவணை வேணும்?"

ஜெயவேல் கும்பிட்டார். "பத்து குட்தா போதும்மா."

எதிர்த்தரப்பு வக்கீல் ஆட்சேபணை இல்லை என்றார். ஷாஸியா எழுந்து வாயைத் திறப்பதற்குள் அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள். மாதம் பதினெட்டாயிரம், ஐந்தாம் தேதிக்குள். ஒன்று தவறினால் வண்டி ஜப்தி.

வராந்தாவில் ஷாஸியா தலையில் அடித்துக்கொண்டார். "இன்னாண்ணே பண்ணி வச்சீங்கோ? நான் முப்பத்தாறு கேட்டுக்கீறேன்!"

"முப்பத்தாறு தவ்ணையா? மூணு வர்சம் இஸ்த்தா ஜட்ஜம்மா காண்டாவாதா?"

"வாய்தா இல்லண்ணே. டியூ! டியூ!"



"டியூன்னே கேட்ருக்கலாமேம்மா. டமில்ல கேட்டு பேஜார் பண்ட்ச்சு."

உத்தரவை மாற்றக் கேட்டு ஷாஸியா மறுபடி மனுப் போட்டார். அது விசாரணைக்கு வர இரண்டு மாதம் ஆகும். அதற்குள் முதல் ஐந்தாம் தேதி வந்துவிட்டது. மூவாயிரத்து ஐந்நூறு குறைந்தது. காலையிலேயே தண்டையார்பேட்டையில் வண்டியின் பாட்டுப்பெட்டியை ஸ்பீக்கரோடு கழற்றி விற்றுவிட்டு, அப்பாவி சட்டையில் போய்ப் பதினெட்டாயிரத்தைக் கட்டினார்.

ஆறாம் தேதி மூன்று லோடு. ஆங்கிள் இரண்டு, தகடு ஒன்று. பெரம்பூர் போகும் வழியில் நெரிசலில் அரை மணி நேரம் நின்றார்கள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த லோடுமேன் பஷீர் கொட்டாவி விட்டார்.

"பாட்டு போடு மாமு."

ஜெயவேல் ஹாரனை நீளமாக ஒருமுறை அடித்தார்.