இரண்டே நிமிடம் வரும் வெள்ளைக்காரர்

எங்கள் வீட்டில் அப்பாவுக்கு ஒரே ஒரு படம்தான் உண்டு. அதிலும் அவர் உயிரோடு இல்லை. கூடலூரிலிருந்து ஏலத்தோட்டங்களுக்கு ஆள் ஏற்றிப்போகும் ஜீப் ஓட்டியவர். காய்ச்சலில் போய்ச் சேர்ந்தபோது எனக்கு மூன்று வயது. உயிரோடு இருந்தவரைக்கும் படம் எடுக்க யாருக்கும் தோன்றவில்லை. இறந்தபின் நாற்காலியில் உட்காரவைத்து, மாலை போட்டு, பக்கத்தில் எங்களை நிறுத்தி எடுத்திருக்கிறார்கள். அப்போது பல வீடுகளில் அதுதான் வழக்கம்.

பிறகு தேனியில் ஒரு ஸ்டுடியோக்காரர் அதைப் பெரிதாக்கி, மூடிய கண்மேல் திறந்த கண் வரைந்து கொடுத்தார். அவர் அப்பாவைப் பார்த்தவரே இல்லை. அம்மா ஒரு தடவை பார்த்தாள். "இது யாரு கண்ணு? அவுக கண்ணு இல்ல" என்று துணியில் சுற்றிப் பீரோவுக்குள் வைத்தவள்தான், இன்றுவரை வெளியே எடுக்கவில்லை. நான்தான் அவளுக்குத் தெரியாமல் அவ்வப்போது எடுத்துப் பார்ப்பேன்.

உயிரோடு இருந்த அப்பாவின் முகம் எனக்குத் துளிகூட நினைவில்லை. கண்ணைத் திறந்தபடி அவரை ஒரு தடவை பார்த்தால் போதும் என்று பேரன் எடுத்த இந்த வயதிலும் ஏங்குகிறேன். சிரிக்கிறவர்கள் சிரித்துவிட்டுப் போகட்டும்.

போன வருடம் மகன் டிவிக்கு இன்டர்நெட் இணைத்துக் கொடுத்தான். எதையோ அமுக்கப்போய் ஒரு கறுப்பு வெள்ளை ஹாலிவுட் படம் ஓட ஆரம்பித்தது. அதில் கார் கதவைத் திறந்துவிட ஒரு டிரைவர் வந்தார். எனக்குப் பகீரென்றது. அதே நெற்றி, அதே தாடை, ஒரு பக்கம் கொஞ்சம் ஏறிய அதே மீசை. கறுப்பு வெள்ளையில் நிறமா தெரிகிறது? வெள்ளைக்காரர் என்றே தோன்றவில்லை. கண் திறந்திருந்தது.

மகன் தேடிப் பார்த்துச் சொன்னான். இங்கிலாந்தில் நாடகம் நடித்தவராம். பிழைப்புத் தேடி அமெரிக்கா போய், ஆயுள் முழுக்கத் துணை வேடமே கட்டியவராம். அதன்பிறகு ஒரு படம் விடவில்லை நான். டாக்டர், போலீஸ் அதிகாரி, கப்பல்காரர், பணக்கார வீட்டு வாசலில் விருந்தாளிகளின் கோட்டு வாங்கி மாட்டுகிற வேலைக்காரர். எதிலும் இரண்டு நிமிடம் தாண்டமாட்டார். கதாநாயகன் காதலை இழுத்து இழுத்துச் சொல்வான். இவர் வந்து, வண்டி தயார் என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார். எனக்கு ஆத்திரமாக வரும். அந்த ஆளை இன்னும் கொஞ்ச நேரம் நிற்கவிட்டால் இவர்கள் குடியா முழுகிவிடும்? படத்தில் வாசல் மணி அடித்தால் நிமிர்ந்து உட்காருவேன். கதவைத் திறக்க அவர்தானே வரவேண்டும்.

படங்கள் போகப்போக அவருக்கு நரை விழுந்தது, முதுகு வளைந்தது. என் அப்பாவுக்கு ஒரு முடிகூட நரைக்கவில்லை.

அம்மாவிடம் காட்டப் பயமாக இருந்தது. இல்லை என்று சொல்லிவிட்டால் இந்த முகமும் கையைவிட்டுப் போய்விடும். ஆனால் அப்பாவைத் தெரிந்த ஆள் அவள் ஒருத்திதான் மிச்சம். கண்புரை ஆபரேஷன் முடிந்து பார்வை தெளிந்ததும், ஒரு மத்தியானம் டிவி முன்னால் உட்காரவைத்து அந்த டிரைவர் படத்தைப் போட்டேன்.

அவர் கார் கதவைத் திறந்தார், போனார்.

"நெத்தி அவுக நெத்திதான்" என்றாள் அம்மா. கொஞ்சம் யோசித்து, "கண்ணு இல்லத்தா. அவுகளுக்குச் சின்னக் கண்ணு. சிரிச்சா காணாமப் போயிரும்" என்றாள்.

டிவியை அணைக்கப் போனேன்.

"இருக்கட்டும். இவரு வயசான பெறகு நடிச்சது ஏதும் இருக்கா?"

அவருடைய கடைசிப் படத்தைப் போட்டேன். ஜன்னலோரம் கிழவராக உட்கார்ந்து செய்தித்தாளை மடிக்கிறார், அவ்வளவுதான். அம்மா திரும்பப் போடச் சொன்னாள். மறுபடியும் போடச் சொன்னாள்.

"இருந்திருந்தா இப்பிடித்தான் நரைச்சிருப்பாக."

முந்தானையைத் தோள்மேல் இழுத்துவிட்டாள். நெற்றியில் விழுந்த வெள்ளை முடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கினாள். டிவியிலிருந்து கண்ணை எடுக்காமலே கேட்டாள்.

"இப்ப என்னயப் பாத்தா அவுகளுக்கு அடையாளம் தெரியுமாத்தா?"