எண்ணாம உதைச்ச ஏணி

என் புருசன் பேயாண்டிக்குச் சமயநல்லூர்ல வெள்ளையடிக்கிற வேலை. ஆனா மனுசனுக்கு விழுறதுலதான் அம்புட்டு ஆசை. நூறு வருசத்துக்கு முந்தின ஊமைப்படங்களைப் போன்ல பாத்துப் பாத்து, ஏணியில இருந்து எப்படி விழணும், பலகையில எப்படி அடி வாங்கணும்னு கத்துக்கிட்டாரு. என் தம்பி அருள்பாண்டி அடிப்பான், இவரு விழுவாரு, நான் போன்ல எடுப்பேன். ஒரு நிமிசப் படம், வசனமே கிடையாது. பாத்த சனம் வயித்தைப் புடிச்சுக்கிட்டுச் சிரிச்சுச்சு.

அடிக்கு முன்னாடி தம்பி ஒண்ணு, ரெண்டு, மூணுன்னு எண்ணுவான். மூணுல இவரு குனிஞ்சிருவாரு. எண்ணுற சத்தத்தை அப்புறம் படத்துல இருந்து நீக்கிருவோம்.

வந்துச்சு வினை என் மக காதுகுத்துல. தாய்மாமன் மடியிலதான் குத்தணும். அலங்காநல்லூர்ல இருந்து தம்பி சீரோட வர நேரமாயிருச்சு. நல்ல நேரம் போகுதுன்னு இவரு, தன் சித்தப்பா மகன் மடியில பிள்ளையை உக்கார வச்சுக் குத்திட்டாரு. மேளத்தோட வந்த தம்பி சீர்த்தட்டை வாசல்லயே வச்சுட்டுத் திரும்பிட்டான். அவமானம் இல்லையா பின்ன?

அதோட பேச்சு நின்னுச்சு, படம் நிக்கல. ஊமைப்படத்துக்குப் பேச்சு எதுக்கு? ஞாயித்துக்கிழமை வருவான், வாயைத் தொறக்காம அடிப்பான். எண்ணிக்கையும் கிடையாது. மொத வாரம் பலகை இவரு மூக்கை உடைச்சுச்சு. அடுத்த வாரம் ரெண்டு பல்லு போச்சு. "போதும், செத்துருவீக"ன்னு கத்துனேன். "அவன் கோவம் தீரட்டும்டி"ன்னாரு இந்தக் கூறுகெட்ட மனுசன். படத்துக்காவது தம்பி வீட்டுப்படி ஏறுறானேன்னு நானும் எடுத்தேன்.

மூணாவது வாரம் ஏணி. கீழ வைக்கோல் போட்டிருந்தோம். "எண்ணுடா!"ன்னு அலறுனேன். என்னைப் பாத்துக்கிட்டே ஏணியை உதைச்சான். மேல நின்ன இவரு வைக்கோலைத் தாண்டிக் கல்லுல விழுந்தாரு. தொடை எலும்பு முறிஞ்ச சத்தம் போனைப் பிடிச்சுக்கிட்டிருந்த எனக்கே கேட்டுச்சு.

ஆஸ்பத்திரிக்குப் போலீஸ்காரரு வந்தாரு.

"நானா வழுக்கி விழுந்தேன் சார்"ன்னாரு என் புருசன்.

போலீஸ்காரரு என் பக்கம் திரும்புனாரு. "வீடியோ எடுத்தியாமே, காட்டும்மா."

செவுத்தோரமா நின்ன தம்பிக்கு மூஞ்சி வெளிறிப்போச்சு. அவன் உதைச்சது அதுல தெளிவா இருக்கு. காட்டுனா அவன் ஜெயிலுக்குத்தான்.

"ஒண்ணும் பதியல சார்"ன்னேன். இடுப்புல சொருகியிருந்த போனைக் கையால அமுக்கிக்கிட்டேன்.

போலீஸ்காரரு போனதும் எந்திரிச்சுப் போய்த் தம்பியை அறைஞ்சேன். வார்டே திரும்பிப் பாத்துச்சு. இன்னும் ரெண்டு விட்டேன், அவன் தடுக்கல. அப்படியே கட்டில்கிட்ட போனான்.

"மாமா"ன்னான்.

"நீ வர்ற வரைக்கும் நான் பொறுத்திருக்கணும் மாப்ள"ன்னு அவன் கையைப் புடிச்சுக்கிட்டாரு இவரு.

ரெண்டு பேரும் தேம்பித் தேம்பி அழுதாங்க. எனக்குத்தான் ஆத்திரம் இன்னும் அடங்கல.